தங்க இலை விரிந்த அளவு

என் கணவர் ஒரு பள்ளிக்கூடத்தின் ஆய்வுக்கூடத்தில் உதவியாளராக இருந்தார். கண்ணாடிக் குழாய்களைக் கழுவி அடுக்குவார், அமிலப் புட்டிகளில் பெயர் எழுதி ஒட்டுவார், பிள்ளைகள் உடைத்த கருவிகளைச் சரிசெய்து மறுபடி வேலை செய்யவைப்பார். வாத்தியார்களைவிட அவருக்குத்தான் கருவிகளின் குணம் தெரியும் என்று அங்கே சொல்வார்கள். அவரைக் கட்டிக்கொண்டு பாறசாலைக்கும் குளத்தூருக்கும் நடுவில் இருந்த கிராமத்துக்கு வந்தபோது எனக்குப் பத்தொன்பது வயது. என் பிறந்த வீடு களியக்காவிளைப் பக்கம். காலையில் கிளம்பினால் வெயில் ஏறுவதற்குள் நடந்தே போய்விடலாம்.

கல்யாணமான அந்த வாரத்திலேயே அவருடைய பக்கத்து அறை வழக்கத்தைப் பார்த்துவிட்டேன். விடியும் நேரத்தில் அங்கே போய் ஒரு மேசையின் முன்னால் கண்ணை மூடி உட்கார்ந்திருப்பார். ஜெபம் செய்கிறார் என்றுதான் முதலில் நினைத்தேன். நாங்கள் இரண்டு வீட்டாரும் பழைய மிஷன் சபைக்காரர்கள், அதனால் எனக்கு அது புதிதில்லை. ஆனால் அவர் முன்னால் வேதப்புத்தகம் இல்லை. வாயகன்ற ஒரு கண்ணாடிப் புட்டி இருந்தது. அதன் பக்கத்தில் சிறு மரப்பலகை. பலகையின்மேல் ஒரு நாள் உப்புக்கல், ஒரு நாள் தேங்காய்ச் சிரட்டைத் துண்டு, ஒரு நாள் எங்கள் கிணற்றங்கரையில் பெயர்ந்த கல்.

கேட்டபோது மறைக்காமல் சொன்னார். பதினாறு வயதில் அவருக்கு நாற்பது நாள் காய்ச்சல் கிடந்ததாம். பிழைக்கமாட்டான் என்று வீட்டார் கைவிட்ட நாளில், படுத்திருந்த அறையில் ஒரு வெளிச்சம் வந்தது. விளக்கு வெளிச்சமும் இல்லை, வெயிலும் இல்லை. அந்த வெளிச்சத்தில் மூலையில் இருந்த மண்பானை உள்ளுக்குள்ளிருந்து ஒளிர்ந்தது, பலாமர நாற்காலி கொஞ்சம் ஒளிர்ந்தது, சுவரில் அடித்திருந்த இரும்பு ஆணி மட்டும் கறுப்பாகவே இருந்தது. எல்லாப் பொருளும் அந்த ஒளிக்கு ஒன்றுபோலப் பதில் சொல்லவில்லை. அப்படியானால் அதை அளக்க முடியும் என்று அவருக்குத் தோன்றியிருக்கிறது. அந்த அளவுக்கு 'ஏற்பு' என்று பெயரும் வைத்திருந்தார்.

புட்டி, பள்ளிக்கூடத்தில் உடைந்து ஒதுக்கிய ஒரு கருவி. கேட்டு வாங்கிவந்து சரிசெய்திருந்தார். மூடியின் நடுவே ஒரு பித்தளைக் கம்பி இறங்கியது. கம்பியின் மேல்நுனியில் காசு அளவுக்கு ஒரு தட்டு, கீழ்நுனியில் தங்கத்தில் அடித்த மிக மெல்லிய இரண்டு இலைகள் ஒன்றோடொன்று ஒட்டித் தொங்கின. தட்டின் பக்கத்தில் மின்சக்தி உள்ள எது வந்தாலும் இலைகள் இரண்டும் விலகி நிற்கும். ஈரம் பிடித்தால் வேலை செய்யாது என்று, ஈரத்தை உறிஞ்ச அடியில் நீற்றாத சுண்ணாம்புக்கட்டி போட்டிருப்பார். பின்பக்கம் கோணம் குறித்த காகிதம் ஒட்டியிருந்தது. பட்டும் கம்பளியும் அந்த அறைக்குள் வரக்கூடாது. உரசினால் மின்சாரம் வரும், அது கணக்கைக் கெடுக்கும் என்பார்.

பொருளை வைத்துவிட்டு வெகுநேரம் அசையாமல் இருப்பார். ஒளி வந்துவிட்டது என்று தோன்றியதும் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு, குனிந்து, இலை எவ்வளவு விரிந்திருக்கிறது என்று பார்ப்பார். பார்த்த எண்ணை நோட்டில் எழுதுவார். இரும்புக்குப் பூஜ்யம். உப்புக்கு நாலு. பலாவுக்குப் பன்னிரண்டு, பதிமூன்று.

நான் அந்த நோட்டுக்குப் பயந்தேன். கடவுளின் வெளிச்சத்துக்குக் கணக்கு எழுதுவது துணிகரம் என்று வளர்க்கப்பட்டவள் நான். அதைவிட, அவர் அந்த அறையிலிருந்து வெளியே வரும்போது முகத்தில் இருந்த சந்தோஷம் என்னைப் பயமுறுத்தியது. என்னிடமோ வேறு யாரிடமோ அந்த முகத்தோடு அவர் பேசி நான் பார்த்ததில்லை. நாள் போகப்போக எங்கள் பாதையில் இருந்த எல்லா வீடுகளிலிருந்தும் ஒரு கல்லோ ஒரு பிடி மண்ணோ கேட்டு வாங்கிவந்து அளந்தார். நோட்டில் வீட்டுப் பெயர், பக்கத்தில் எண். வடக்கே வீடு ஒன்பது, பனவிளை வீடு பதினாலு, அப்படி இருபது முப்பது வீடு.

இரண்டாம் வருடம் எங்களுக்கு ஒரு ஆண்குழந்தை பிறந்து ஆறே நாளில் போய்விட்டது. அடக்கம் முடிந்த மறுநாள் விடியற்காலையில் அவர் அறைக்குள் போனார். குழந்தையைச் சுற்றியிருந்த துணி மரப்பலகைமேல் இருந்தது. வாசலில் நின்று பார்த்தேன், தடுக்கவில்லை. வெளியே வந்து, இதுவரை எந்தப் பொருளுக்கும் வராத எண் வந்தது என்று சொன்னார். முப்பத்தொன்று. அதைச் சொன்னபிறகுதான் அவர் சாப்பிட்டார். நானும் அதற்குப்பிறகுதான் சாப்பிட்டேன் என்பதையும் எழுத வேண்டும்.

எல்லைப் போராட்டம் எங்கள் ஊருக்குள் வந்தது அந்தச் சமயத்தில்தான். எங்கள் நெய்யாற்றங்கரைத் தாலுகா மலையாள ராஜ்யத்தை விட்டுத் தமிழோடு சேர வேண்டும் என்று கூட்டம் போட்டார்கள். எங்கள் வீட்டில் தமிழ்தான், ஆனால் சந்தையில், பள்ளிக்கூடத்தில், பக்கத்து வீட்டு வேலிக்கு அந்தப்பக்கம் எல்லாம் மலையாளம். காலையில் இரவல் தேங்காய் கேட்டு வந்த மலையாளத்து அம்மச்சி மத்தியானம் எங்களைப் பார்த்துக் கதவைச் சாத்துகிற காலம் வந்தது. அவருக்கும் எங்களிடம் பயம், எங்களுக்கும் அவரிடம் பயம். என் கொழுந்தன், அதாவது கணவரின் தம்பி, கொடி பிடித்துப் போகிறவன். ஊர்வலத்தில் முன்வரிசையில் நிற்பான். தெற்கே போலீஸ் துப்பாக்கிச் சூடு நடந்து ஆட்கள் செத்தார்கள் என்ற செய்தி வந்த அன்று அவன் வீட்டுக்கு வரவில்லை. கள்ளிக்காட்டு மலைப்பக்கம் போய்விட்டான் என்று யாரோ சொல்லிவிட்டுப் போனார்கள். ஊருக்குள் வெளியூர்ப் போலீஸ் வந்து கொப்பரை சேர்த்துவைக்கும் ஒரு காலிக் கிட்டங்கியில் தங்கியது. அந்த வழியாகச் சந்தைக்குப் போவதை எல்லோரும் நிறுத்திவிட்டோம்.

இதற்குச் சில மாதம் முன்பு ஒன்று நடந்திருந்தது. அதைச் சொன்னால்தான் பின்னால் நடந்தது விளங்கும்.

அவருக்குக் கண்நோய் வந்தது. இரண்டு கண்ணும் சிவந்து வீங்கி, துணி கட்டிக்கொண்டு கிடந்தார். ஆனால் அளவு நின்றுவிடக்கூடாது. ஒளி வந்ததும் சொல்கிறேன், நீ குனிந்து பார்த்து எழுது என்றார். நான் கண்ணாடி போடாதவள். முதல் நாள் ஒரு வெற்றிலையை வைத்தோம். அவர் சொன்னதும் குனிந்து பார்த்தேன். இலை அசையவே இல்லை. எத்தனை என்று கேட்டார். கண்ணில் துணியோடு, காத்திருக்கிற அந்த முகத்தைப் பார்த்ததும் பூஜ்யம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. எட்டு என்றேன். எட்டு என்றே நோட்டில் எழுதினேன். அப்படி நான்கு நாள் பொய் எழுதினேன்.

ஐந்தாம் நாள் அவர் மூக்குக்கண்ணாடி தூசி படிந்து கிடந்தது. அதன் கூட்டுக்குள் துடைப்பதற்கு மெத்தென்ற ஒரு ஃபிளானல் துணித் துண்டு வைத்திருப்பார். அந்தத் துண்டால் நன்றாகத் துடைத்து, மேசைமேல் வைக்கப் போனேன். மூக்குக்கண்ணாடி புட்டியை நெருங்கியதும் இலைகள் இரண்டும் சட்டென்று விரிந்தன. கையை எடுத்தேன், ஒட்டிக்கொண்டன. மறுபடி கொண்டுபோனேன், விரிந்தன. பலகையில் அப்போது ஒரு பொருளும் இல்லை.

எனக்குப் படிப்பு எட்டாம் வகுப்புவரைதான். ஆனால் உரசினால் மின்சாரம் வரும் என்று அவர் வாயால் கேட்டிருந்தேன். பட்டுத்துணியையும் கம்பளியையும் வெளியே நிறுத்திய மனிதர், தன் மூக்கின்மேல் இருந்ததை நினைக்கவில்லை. எந்தப் பொருளை முக்கியம் என்று நினைத்தாரோ அதற்கு முன்னால் கண்ணாடியைக் கவனமாகத் துடைத்தார். இரும்பில் ஒன்றும் வராது என்று நினைத்ததால் துடைக்காமலே குனிந்தார். குழந்தையின் துணிக்கு முன்னால் அழுதுகொண்டு எத்தனை தடவை துடைத்திருப்பார் என்று நினைத்தபோது நான் அந்த ஃபிளானலை மடித்துக் கூட்டுக்குள் வைத்து மூடிவிட்டேன். அவரிடம் சொல்லவில்லை.

போலீஸ் வந்தது ஒரு ஞாயிற்றுக்கிழமை, நாங்கள் சபைக் கோவிலில் ஆராதனை முடிந்து மழையில் நனைந்து வந்து ஏறிய நேரம். தம்பி எங்கே என்று கேட்டார்கள். தெரியாது என்றோம், அது உண்மை. அரிசிப்பானையைக் கவிழ்த்தார்கள், பாயை உதறினார்கள். பக்கத்து அறையில் நோட்டு அகப்பட்டது. ஒருவன் இன்னொருவனுக்கு உரக்கப் படித்துக்காட்டினான். வீட்டுப் பெயர், எண். வீட்டுப் பெயர், எண். படிக்கப்படிக்க அவர்கள் பேச்சு நின்றது. எந்த வீட்டில் எத்தனை ஆள் கூடுகிறார்கள், எத்தனை ஆயுதம் இருக்கிறது என்ற கணக்கு அது என்று அவர்கள் புரிந்துகொண்டார்கள். எனக்கே அந்த நிமிஷம் அது அப்படித்தான் கேட்டது. அவர் விளக்கம் சொல்ல வாயைத் திறந்தார். கன்னத்தில் ஒரு அறை விழுந்தது. கண்ணாடி தரையில் விழுந்து உடைந்தது. அவரைக் கூட்டிக்கொண்டு போகும்போது திரும்பி என்னைப் பார்த்து, "நீ பேடிக்காண்டாம். உள்ளத சொல்லுவேன், விட்டிருவாவ" என்றார்.

உள்ளதைச் சொல்வார் என்பதுதான் என் பேடி, என் பயம்.

மறுநாள் காலையில் சோற்றுப்பாத்திரத்தோடு கிட்டங்கிக்குப் போனேன். கூட வர யாரும் இல்லை, நான் கேட்கவும் இல்லை. எண்ணோடு எழுதப்பட்ட வீட்டுக்காரர்கள் எல்லோரும் கதவைச் சாத்திக்கொண்டிருந்தார்கள். வாசலில் நின்ற போலீஸ்காரன் சோற்றை வாங்கப் போகிறான் என்று நினைத்தேன். அவன் என்னை உள்ளே வரச் சொன்னான். சோற்றுப்பாத்திரத்தை இடுப்போடு அணைத்துக்கொண்டு போனேன். உள்ளே கொப்பரை நாற்றமும் ஈரச்சாக்கு நாற்றமும். ஒரு மேசைக்குப் பின்னால் இன்ஸ்பெக்டர் இருந்தார். நடுவயது மனிதர், சளி பிடித்து இருமிக்கொண்டிருந்தார். நோட்டு அவர்முன் விரிந்திருந்தது. கணவரை நான் பார்க்கவில்லை, ஆனால் சுவருக்கு அந்தப்பக்கம் அவர் தொண்டையைச் செருமியது கேட்டது.

இன்ஸ்பெக்டர் சத்தம் போடவில்லை. நோட்டை என் பக்கம் திருப்பி ஒரு இடத்தில் விரலை வைத்தார். "இது ஆருடெ கையெழுத்து?"

அந்த நான்கு நாள் எண்கள். மற்றதெல்லாம் அவருடைய சாய்ந்த எழுத்து, இது மட்டும் என் உருண்டை எழுத்து. பொய் சொல்லலாமா என்று யோசித்தேன். சுவருக்கு அப்பால் அவர் என்ன சொல்லியிருப்பார் என்று தெரியும். எனக்குள்ளதாக்கும் என்றேன்.

என்ன எண் என்று கேட்டார். ஒளிக்கு ஒரு பொருள் எவ்வளவு பதில் சொல்கிறது என்ற அளவு என்றேன். அவர் நோட்டை மூடினார். கணவரும் இதையேதான் ராத்திரி முழுக்கச் சொன்னதாகவும், தன்னைப் பரிகாசம் செய்கிறார் என்று நினைத்ததாகவும் சொன்னார். புருஷனும் பெண்சாதியும் பேசிவைத்த கதையாக இருக்கலாம். உண்மையானால் கருவியைக் கொண்டுவந்து தன் கண்முன்னால் செய்துகாட்ட வேண்டும், இல்லையென்றால் இரண்டு பேரும் திருவனந்தபுரம் ஜெயிலுக்குப் போக வேண்டியதுதான் என்றார்.

வீட்டுக்கு நடந்தேன். கர்க்கடக மாத மழை, குடையைத் தாண்டி நனைத்தது. இந்த ஈரத்தில் புட்டி வேலை செய்யாது என்று தெரியும். அவர் கண்ணாடி உடைந்துபோயிற்று என்றும் தெரியும். வெறும் கண்ணோடு குனிந்தால் இலை அசையாது. அசையாவிட்டால் இரண்டு பேரும் பொய்யர்கள். அடுப்பை மூட்டி, சுண்ணாம்புக்கட்டியை மாற்றி, புட்டியைத் தணலுக்குப் பக்கத்தில் வைத்துத் திருப்பித் திருப்பிக் காயவைத்தேன். பெட்டிக்குள் அவருடைய பழைய மூக்குக்கண்ணாடி இருந்தது. ஒரு காது உடைந்து நூல் கட்டியிருந்தது. அதையும் ஃபிளானல் துண்டையும் காய்ந்த துணியில் சுற்றி, சட்டைக்குள் நெஞ்சோடு வைத்துக்கொண்டேன். என் உடம்பு வேர்த்து அது ஈரமாகிவிடுமோ என்றுகூடப் பயந்தேன்.

கிட்டங்கியில் கணவரைக் கொண்டுவந்து நிறுத்தினார்கள். கன்னம் வீங்கியிருந்தது. என்னைப் பார்த்ததும், சட்டையின் பொத்தான் இல்லாத இடத்தைக் கையால் மூடிக்கொண்டார். மேசைமேல் புட்டியையும் மரப்பலகையையும் வைத்தேன். இன்ஸ்பெக்டர், துப்பாக்கியோடு கதவோரம் நின்ற ஒரு போலீஸ்காரன், இன்னும் இரண்டு பேர். பலகைமேல் எதை வைப்பது என்று கேட்டபோது கணவர் தரையில் கிடந்த ஒரு சிரட்டைத் துண்டை எடுத்து வைத்தார். பிறகு கண்ணை மூடினார்.

அவர் எவ்வளவு நேரம் அப்படி இருந்தாரோ தெரியாது. வெளியே ஓட்டிலிருந்து நீர் ஒழுகுவதை எண்ணிக்கொண்டு நின்றேன். இடையில் கதவோரத்துப் போலீஸ்காரன் துப்பாக்கியைக் கைமாற்றிப் பிடித்தான், அவ்வளவுதான் சத்தம். கணவர் கண்ணைத் திறந்து, வந்துவிட்டது என்றார். கை வழக்கம்போல் மூக்குக்குப் போய், அங்கே கண்ணாடி இல்லாமல் திரும்பியது.

"பழைய கண்ணாடி நான் கொண்டுவந்திருக்கேன்" என்று சொல்லி, ஃபிளானலால் இரண்டு பக்கமும் அழுத்தித் துடைத்துக் கொடுத்தேன். புருஷனுக்குப் பெண்சாதி கண்ணாடி துடைத்துக் கொடுத்தால் யார் சந்தேகப்படுவார்கள். அவர் போட்டுக்கொண்டு குனிந்தார்.

இலைகள் விரிந்தன. அதிகம் இல்லை, ஈரம். ஆனால் அங்கே இருந்த எல்லோரும் பார்த்தார்கள்.

இன்ஸ்பெக்டர் நாற்காலியை விட்டு எழுந்து வந்தார். கணவர் குனிந்தபடியே இருந்தார். இன்ஸ்பெக்டர் எதுவும் கேட்காமல் விரலை நீட்டி அந்தப் பித்தளைத் தட்டைத் தொட்டார். இலைகள் உடனே விழுந்து ஒட்டிக்கொண்டன.

"என்னு வச்சால்?" என்று கேட்டார். இலை விழுந்ததற்கு என்ன அர்த்தம் என்று கேட்கிறார்.

"பூஜ்யம்" என்றார் கணவர்.

அவர் வாயில் பொய் வராது என்று எனக்குத் தெரியும், ஆனால் இன்ஸ்பெக்டரின் விரலுக்கே அந்த எண்ணைச் சொல்வார் என்று நினைக்கவில்லை. இன்ஸ்பெக்டர் சூடு பட்டதுபோல் விரலை எடுத்தார். கணவர் பெருமூச்சு விட்டு நிமிர்ந்து பின்னால் சாய்ந்தார். அப்போது, யாரும் தொடாமல், யாரும் குனியாமல், இலைகள் தாமாகவே விரிந்தன. விரிந்து, அப்படியே நின்றன.

இதற்குக் காரணம் உண்டு. பல வருடம் கழித்து மகளின் பௌதிகப் பாடப்புத்தகத்தில் படத்தோடு போட்டிருந்ததைப் படித்தேன். உரசிய கண்ணாடி பக்கத்தில் இருக்கும்போது விரலால் தொட்டு எடுத்தால், கண்ணாடி விலகியபிறகு அப்படித்தான் ஆகும். ஆனால் அன்று எனக்கு அது தெரியாது. கண்ணாடியின் வேலை என்று நினைத்து நின்றவள் நான். இப்போது கண்ணாடி விலகியபின் இலை விரிந்து நிற்கிறது. அந்த அறையில் மிக அதிகமாகப் பயந்தவள் நானாகத்தான் இருப்பேன். மற்றவர்களுக்கு முதலிலிருந்தே ஒன்றும் தெரியாது. காரணம் தெரியும் என்று நினைத்திருந்த எனக்கே தெரியாததை நான் பார்த்தேன். தரையில் உட்கார்ந்துவிட்டேன்.

இன்ஸ்பெக்டர் புட்டியை எடுத்துக்கொண்டு போகச் சொன்னார். நோட்டைத் தரவில்லை. புத்தி சுவாதீனமில்லாத ஆள் என்று எழுதி, கணவரைக் கையெழுத்துப் போடச் சொன்னார். கணவர் அந்தக் காகிதத்தை முழுக்கப் படித்துவிட்டுத்தான் போட்டார். அந்தக் காகிதத்தின் சேதி எப்படியோ பள்ளிக்கூடத்துக்கும் போயிற்று. அமிலப் புட்டிகள் இருக்கிற இடத்தில் அப்படிப்பட்டவரை வைக்க முடியாது, கொஞ்ச நாள் வீட்டில் இருக்கட்டும் என்று சொல்லிவிட்டார்கள்.

அவருக்கு அதெல்லாம் பெரிதாகப் படவில்லை. கிட்டங்கியிலிருந்து திரும்பும் வழியில் ஒரே ஒரு பேச்சுதான் பேசினார். "அந்த எடத்திலயும் வந்துது, பாத்தியா." நான் பார்த்தேன் என்றேன்.

பத்துப் பதினைந்து நாள் இருக்கும். மத்தியானம் கஞ்சி குடித்துக்கொண்டிருந்தோம். வாசலில் ஒரு ஆள் நின்றான். வேட்டி, சட்டை, கையில் காகிதப்பொட்டலம். முகத்தைப் பார்த்ததும் கஞ்சிக் கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டேன். அன்று துப்பாக்கியோடு கதவோரம் நின்றவன். மறுபடி கூட்டிக்கொண்டு போக வந்திருக்கிறான் என்றே நினைத்தேன். அவன் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து, கணவர் முன்னால் கைகட்டி நின்றான். நாலு வயது மகளுக்குப் பன்னிரண்டு நாளாகக் காய்ச்சல் என்று தமிழும் மலையாளமும் கலந்து சொன்னான். பொட்டலத்தில் குழந்தையின் சட்டை. அதை அளந்து சொல்ல வேண்டும்.

கணவர் தயங்கினார். ஆனால் அந்த ஆளின் முகத்தைப் பார்த்துவிட்டு எழுந்து அறைக்குப் போனார். அன்று வெயில். புட்டி நன்றாகக் காய்ந்திருந்தது. சட்டை நீலப்பூப் போட்டது, கழுத்தில் மருந்துக்கறை. கணவர் கண்மூடி இருந்துவிட்டு, என்னைப் பார்த்துக் கையை நீட்டினார். கிட்டங்கிக்குப் போய்வந்ததிலிருந்து கண்ணாடி துடைக்கிற துணி என்னிடம்தான் இருந்தது. அடுப்பங்கரையில் ஒரு கையில் காய்ந்த ஃபிளானல், இன்னொரு கையில் பாத்திரம் துடைத்த ஈரத்துணியோடு நின்றேன். எதைக் கொடுக்கிறேனோ அதுதான் அந்தக் குழந்தையின் எண். அதுவரை எனக்கு வந்த பயமெல்லாம் பிறர் எனக்கு என்ன செய்வார்கள் என்ற பயம். இது வேறு.

காய்ந்ததைக் கொடுத்தேன். இலைகள் அகல விரிந்தன. இருபத்தாறு என்று கணவர் சொன்னார்.

அந்த ஆள் சட்டையை எடுத்து முகத்தில் வைத்துக்கொண்டான். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, "அப்பம் இனி ஆசுபத்திரி வேண்டாம் அல்லே சாரே?" என்று கேட்டான்.

கணவர் பதில் சொல்வதற்குள் நான் அறைக்குள் வந்துவிட்டேன். யோசித்து வரவில்லை. யோசித்திருந்தால் வந்திருக்கமாட்டேன்.

"ஆசுபத்திரிக்குக் கொண்டு போணும். இண்ணைக்கே போணும். இது ஒளி இல்ல, கண்ணாடியாக்கும்" என்றேன்.

இரண்டு பேரும் என்னைப் பார்த்தார்கள். கணவரின் முகத்திலிருந்து கண்ணாடியை நானே கழற்றினேன். சட்டை அவன் கையில் இருந்தது, பலகை காலியாக இருந்தது. ஃபிளானலால் துடைத்துப் புட்டியின் பக்கம் கொண்டுபோனேன். இலைகள் விரிந்தன. எடுத்தேன், விழுந்தன. மறுபடி. மறுபடி. அன்றைக்குக் கிட்டங்கியிலும் இதுதான், நான்தான் துடைத்துக் கொடுத்தேன் என்று போலீஸ்காரன் முகத்துக்கு நேராகச் சொன்னேன். சொல்லி முடித்தபிறகுதான் யாரிடம் சொல்கிறேன் என்பது உறைத்தது.

அவன் சட்டையை மடித்தான். பொட்டலம் கட்டினான். செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டான்.

கணவர் மேசைமுன் உட்கார்ந்திருந்தார். நான் சுவரில் சாய்ந்து நின்றேன். அவர் திட்டியிருந்தால் எளிதாக இருந்திருக்கும். எழுந்து போய் ஒரு சிரட்டைத் துண்டை எடுத்துவந்து பலகைமேல் வைத்தார். கண்ணாடி இல்லாமல் குனிந்தார். துடைக்காத கண்ணாடியோடு குனிந்தார். துடைத்த கண்ணாடியோடு குனிந்தார். பலாக்கட்டையை வைத்தார், உப்பை வைத்தார், இரும்பை வைத்தார். சாயங்காலம்வரை ஒவ்வொன்றையும் மூன்றுவிதமாகப் பார்த்து, புதிய தாளில் எழுதிக்கொண்டே இருந்தார். துடைத்த கண்ணாடிக்கு இரும்பும் பலாவும் ஒரே எண்ணைத்தான் கொடுத்தன. எழுதி முடித்து, கீழே கோடு போட்டார்.

"எப்பம் தெரியும்?" என்று கேட்டார்.

"கண்ணுநோவு வந்தப்பம்."

பேனாவை மூடிவிட்டு, "நம்ம பிள்ளைக்க துணி?" என்றார்.

"நீங்க அண்ணு அழுதுட்டே இருந்திய. நாலஞ்சு தடவ தொடச்சிய."

தலையை ஆட்டினார். தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு கிணற்றடிக்குப் போய் முகம் கழுவினார். மறுநாள் புட்டியைப் பள்ளிக்கூடத்துக்கே எடுத்துப்போய்த் திருப்பிக் கொடுத்தார். பித்துப் பிடித்தவர் கொடுத்தது என்று அவர்கள் அதை வெளியே மரத்தடியில் வைக்கச் சொல்லித்தான் வாங்கினார்கள்.

அதற்குப்பிறகு இரண்டு மாதம் நான் ஒழுங்காகத் தூங்கவில்லை. அந்தப் போலீஸ்காரன் சொன்னால் என்ன நடக்கும் என்று தெரியும். போலீஸை ஏமாற்றியவள், கூட்டுச்சதி. ஜீப் சத்தம் கேட்டால் அடுப்பில் இருக்கிறதை இறக்கி வைப்பேன், நான் போனபின் தீய்ந்துவிடக்கூடாது என்று. யாரும் வரவில்லை. ஒரு நாள் பாறசாலைச் சந்தையில் உடுப்பு மாட்டிக்கொண்டு அவன் எதிரே வந்தான். கூட இன்னும் இரண்டு போலீஸார். நான் மரவள்ளிக்கிழங்குக் குவியலுக்குப் பின்னால் ஒதுங்கினேன். என்னைக் கடக்கும்போது நிற்காமல், முகத்தைத் திருப்பாமல், "மோளுக்கு சுகமாயி" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனான். மரவள்ளிக்காரி என்னிடம் எத்தனை ராத்தல் என்று மூன்று தடவை கேட்டதாகப் பிறகு சொன்னாள்.

ஆட்சி மாறி, கைதானவர்களை விட்டார்கள். கொழுந்தன் தாடியோடு வந்து சேர்ந்தான். தன்னைத் தேடிவந்து அண்ணனை அடித்தார்கள் என்று தெரிந்து, ஒரு வாரம் அண்ணன் முகத்தைப் பார்க்காமல் சாப்பிட்டான். பள்ளிக்கூடத்தில் கணவரை மறுபடி எடுத்துக்கொண்டார்கள், ஆனால் ஆய்வுக்கூடத்தில் இல்லை, மணி அடிக்கவும் தபால் கொண்டுபோகவும். விடியற்காலையில் அவர் அந்தப் பக்கத்து அறையில் போய் உட்காருவது மட்டும் நிற்கவில்லை. ஒளி வருகிறதா என்று நான் கேட்டதில்லை. கேட்கப் பயம்.

கடைசியில் எல்லைக் கோடு கிழித்தபோது தெற்குத் தாலுகாக்கள் தமிழோடு போயின, எங்கள் ஊர் இந்தப்பக்கம் மலையாளத்தோடு நின்றுவிட்டது. மகள் பிறந்தபோது நாங்கள் கேரளத்துக்காரர்கள். பேறு பார்க்க அம்மா களியக்காவிளையிலிருந்து வந்தாள். அதே பாதை, அதே தூரம். ஆனால் மடியில் கட்டியிருந்த பச்சரிசியை வழியில் புதிய எல்லைச் சாவடியில் அவிழ்த்துக் காட்டச் சொன்னார்களாம். என் கட்டிலில் உட்கார்ந்து, குழந்தையைக் கையில் வாங்காமல், அதையேதான் அம்மா முதலில் சொன்னாள்.